அச்சுக்குப் போகாத ஒரு வரி

நவீன்,

இந்தக் கடிதம் ஞாயிற்றுக்கிழமை பேப்பரில் வரும். புதன்கிழமை நீ கலபுரகிக்கு ரயில் ஏறுகிறாய். இடையில் மூன்று நாள் இருக்கிறது. இதைப் படித்துவிட்டு என்னோடு பேசுவதா வேண்டாமா என்று நீ முடிவு செய்துகொள்ள அது போதும். அடுத்த அறையில் இருக்கும் மகனுக்கு ஏன் பேப்பரில் எழுத வேண்டும் என்று கேட்பாய். நான் செய்த தவறு இதே பேப்பரில், மூன்று ஞாயிற்றுக்கிழமைகள், என் பெயரோடு அச்சானது. அதைச் சாப்பிட உட்காரும்போது உன்னிடம் மட்டும் சொல்லி முடித்துக்கொண்டால் எனக்கு வசதியாக இருக்கும். அதனால்தான் அப்படிச் செய்யவில்லை. இப்போதைய ஆசிரியர் உன்னைவிடக் கொஞ்சம்தான் மூத்தவர். ஓய்வுபெற்ற நிருபர் கேட்டதற்காக இடம் ஒதுக்கித் தந்திருக்கிறார். எதையும் வெட்ட வேண்டாம் என்று அவரிடம் கேட்டுக்கொண்டேன். வேலையில் இருந்த காலத்தில் ஒரு ஆசிரியரிடமும் நான் அப்படிக் கேட்டதில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை, மாடியில் ஷாமியானா போட்டு உன் நண்பர்கள் உனக்கு வைத்த விருந்தில், உன்னை இரண்டு வார்த்தை பேசச் சொன்னார்கள். மருந்து ஆய்வாளராகப் போகிறவன் பரீட்சைக்குப் படித்ததைப் பற்றியோ, ஹைதராபாத்தில் பட்ட கஷ்டத்தைப் பற்றியோ பேசுவாய் என்று நினைத்தேன். நீ என்னைப் பற்றிப் பேசினாய். "எங்கப்பா முப்பது வருஷம் ரிப்போர்ட்டர். அவரு நோட்ட யாருக்கும் காட்டினதில்ல. ஒரு தடவ நானே போய்க் கேட்டேன், எனக்கும் காட்டல. அன்னைக்கு எனக்குக் கோவம்தான். ஆனா அந்த மாதிரி ஒரு ஆபீசரா இருக்கணும்னு இப்ப நெனைக்கிறேன்" என்றாய். கை தட்டினார்கள். நானும் சிரித்தேன். உன் அம்மா மட்டும் தண்ணீர் ஜக்கை எடுத்துக்கொண்டு கீழே இறங்கிப் போனாள். ஜக் நிறையத் தண்ணீர் இருந்தது.

நீ சொன்ன அந்த ஒரு தடவையைப் பற்றித்தான் எழுதுகிறேன். உனக்குப் பாதி தெரியும். மற்றவர்களுக்காக முதலிலிருந்து சொல்கிறேன், பொறுத்துக்கொள்.

ஆக்ஸிடோசின் என்று ஒரு ஊசி மருந்து. பிரசவம் ஆனதும் தாய்க்கு உதிரப்போக்கு நிற்காமல் போனால், கருப்பையைச் சுருங்கவைத்து அதை நிறுத்துவதற்குப் போடுவது. அதையே மாட்டுக்கும் எருமைக்கும் போட்டால் மடியில் இருக்கும் பால் சட்டென்று இறங்கும். நாள்தோறும் இரண்டு வேளை அப்படிப் போட்டுக் கறப்பவர்கள் இருந்தார்கள். எட்டு வருடத்துக்கு முன் அதைப் பற்றித்தான் மூன்று கட்டுரைகள் எழுதினேன். கொட்டகை கொட்டகையாக ஏறி இறங்கினேன். நான் எழுதியதில் பொய் ஒன்றும் இல்லை. ஊசி குத்திக் குத்திக் காய்த்துப்போன எருமைகளின் கழுத்தை நானே தொட்டுப் பார்த்தேன். இந்த மருந்தைக் கண்டவர்கள் தயாரிக்க விடக் கூடாது, உரிமங்களை ரத்து செய்ய வேண்டும் என்று மூன்றாவது கட்டுரையை முடித்திருந்தேன். கன்னடப் பத்திரிகைகளும் அதை எடுத்துப் போட்டன. மைசூரில் டீக்கடைக்குப் போனால் பாலைக் காட்டி என்னிடம் விசாரித்தார்கள். எனக்கு அது பிடித்திருந்தது.

அந்தக் கொட்டகைகளில் ஒன்று மண்டி மொஹல்லாவின் பின்சந்தில், இரண்டு ஸ்கூட்டர் எதிரெதிரே வந்தால் ஒன்று பின்வாங்க வேண்டிய இடத்தில் இருந்தது. எருமைக்காரர் பெயர் நிங்கண்ணா. கன்னடமும் தமிழும் கலந்து பேசுவார். என் முன்னாலேயே ஒரு பிளாஸ்டிக் பாட்டிலிலிருந்து ஊசியில் மருந்தை ஏற்றினார். தண்ணீர் மாதிரி இருந்தது. பாட்டிலில் லேபிள் இல்லை, கம்பெனி பெயர் இல்லை, எதுவுமே இல்லை. அதைப் பற்றி அவர் ஒன்று சொன்னார். நோட்டில் எழுதிக்கொண்டேன். உரிமம் வாங்கிய கம்பெனிகளிலிருந்து அந்த மருந்து வரவில்லை என்பதுதான் அவர் சொன்னதன் சாரம். கட்டுரையை எழுத உட்கார்ந்தபோது அந்த வரி இடித்தது. அதை வைத்தால், யார் இதைத் தயாரிக்கிறார்கள், எங்கே தயாரிக்கிறார்கள் என்று தேடிப் போக வேண்டும். அதற்கு ஒரு மாதம் ஆகும். கட்டுரை வெள்ளிக்கிழமை போக வேண்டும். வரியை எடுத்துவிட்டேன். கட்டுரை நேராக ஓடியது.

படமும் அப்படித்தான். லேபிள் இல்லாத பாட்டிலை எடுத்த படம் பார்ப்பதற்கு ஒன்றுமில்லாமல் இருந்தது. ஏதோ ஒரு பாட்டில், அவ்வளவுதான். அதனால் தெரிந்த மெடிக்கல் ஷாப்பில் ஒரு ஆக்ஸிடோசின் ஆம்பியூலை, ஊசி மருந்து அடைத்த அந்தச் சின்னக் கண்ணாடிக் குப்பியை, வாங்கி, உள்ளங்கையில் வைத்து, கம்பெனி பெயர் தெரியாமல் கட்டைவிரலால் மறைத்துப் படம் எடுக்கச் சொன்னேன். கண்ணாடிக் கழுத்தில் நீல வளையம் போட்ட ஆம்பியூல். பெயரை மறைத்துவிட்டதால் நியாயமாக நடந்துகொண்டேன் என்று நினைத்தேன்.

முதல் கட்டுரை வந்த அன்று உன் அம்மா அதை மடித்து எடுத்துக்கொண்டு டூட்டிக்குப் போனாள். முப்பது வருடத்துக்கு மேல் நர்ஸ், அதில் பாதிக்கு மேல் பிரசவ வார்டில். சாயங்காலம் வந்து பேப்பரை என் முன்னால் வைத்தாள். "மாடு இருக்கு, எருமை இருக்கு, கன்னுக்குட்டிகூட இருக்கு. ஒரு பொம்பளை இல்லையே" என்றாள். அது வேற விஷயம், இது வேற என்றேன். "நவீன் பொறந்தப்ப எனக்குப் போட்டது இதுதான். நீங்க அன்னைக்குச் சாமராஜநகர்ல மந்திரி மீட்டிங்ல இருந்தீங்க. வந்தப்ப எல்லாம் நின்னு போச்சு. அதனால உங்களுக்குத் தெரியாது" என்றாள். அவள் குரலை உயர்த்தவில்லை. அடுத்த கட்டுரையில் இரண்டு வாக்கியம் சேர்த்தேன். இரண்டே இரண்டு.

அப்போது நீ ஹெப்பாள் தொழிற்பேட்டையில் மாதேஸ்வரனின் மருந்து ஆலையில் தரக்கட்டுப்பாட்டுப் பிரிவில் வேலை பார்த்தாய். பி.ஃபார்ம் முடித்ததும் கிடைத்த முதல் வேலை. அவர் ஹனூர்க்காரர், மெடிக்கல் ரெப்பாகப் பையைத் தூக்கி அலைந்து, பிறகு சொந்தமாக ஒரு சின்ன ஆலை போட்டவர். அங்கே தயாரான ஊசி மருந்துகளில் ஆக்ஸிடோசினும் ஒன்று. சுற்றுவட்டார ஆஸ்பத்திரிகளுக்கு அவர்தான் கொடுத்தார். அந்த நீல வளையம் அவருடையது. பெயரை மறைத்த நான் வளையத்தை மறைக்கவில்லை. மருந்து வாங்குகிறவர்கள் எல்லோருக்கும் அந்த வளையம் தெரியும். நம் வீட்டிலிருந்து ஸ்கூட்டரில் கால் மணி நேரம். என் மகன் வேலை பார்க்கும் இடம். கட்டுரைக்காக ஒரு நாள்கூட நான் அங்கே போனதில்லை.

அடுத்த வருடம் மத்திய அரசின் ஆணை வந்தது. தனியார் கம்பெனிகள் உள்நாட்டு விற்பனைக்கு இந்த மருந்தைத் தயாரிக்கக் கூடாது, அரசுத் துறை நிறுவனம் ஒன்று மட்டுமே தயாரிக்கும் என்றது. என் மூன்று கட்டுரைகளைப் படித்துத்தான் தில்லி அப்படி முடிவெடுத்தது என்று நினைக்கும் அளவுக்கு எனக்குப் புத்தி கெட்டுவிடவில்லை. பல மாநிலங்களில் பல வருடங்களாக இந்தப் பேச்சு இருந்தது. ஆனால் இங்கே, நம் பக்கத்தில், அதிகாரி ஒருவர் மேலிடத்துக்கு எழுதிய கடிதத்தோடு என் கட்டுரைகளைக் கன்னடத்தில் மொழிபெயர்த்து இணைத்திருந்தார், படத்தோடு. தடை அமலுக்கு வரும் தேதி தள்ளிப்போய்க்கொண்டே இருந்தது. மருந்து வாங்குகிறவர்கள் தேதிக்காகக் காத்திருக்கவில்லை. நீல வளையம் என்றாலே வேண்டாம் என்றார்கள். மாதேஸ்வரனிடம் மற்ற மருந்துகள் வாங்கியவர்களும் நிறுத்தினார்கள்.

வெளியூர்க் கம்பெனிகள் தில்லி உயர் நீதிமன்றத்துக்குப் போயிருந்தன. மாதேஸ்வரன் பெங்களூரில் தனியாக ஒரு மனு போடலாம் என்று வக்கீலைப் பார்த்தார். வக்கீல் அந்த அதிகாரியின் கடிதத்தைப் படித்துவிட்டு, கட்டுரையை எழுதினவரே தான் கொட்டகையில் பார்த்த பாட்டிலில் லேபிள் இருந்ததா இல்லையா என்று உறுதிமொழிப் பத்திரம் கொடுத்தால் போதும், கடிதம் நிற்காது என்றாராம். என்னிடம் வந்து கேட்க மாதேஸ்வரனுக்குக் கூச்சம். உன்னை அனுப்பினார். நீ வேலை முடிந்து நேராக வந்து, ஷூவைக்கூடக் கழற்றாமல் வாசலில் நின்று கேட்டாய்.

"அப்பா, ஒரு அஃபிடவிட்தான். நீங்க பாத்தத பாத்தேன்னு சொன்னாப் போதும்."

"ரிப்போர்ட்டர் சாட்சி சொல்லப் போகக் கூடாதுடா."

"கூண்டெல்லாம் இல்லப்பா. நோட்டரிகிட்ட ஒரு கையெழுத்து. ஓனர் ரொம்ப பேஜார்ல இருக்காரு."

"இன்னைக்கு உங்க ஓனருக்கு நோட்டப் பாத்துச் சொன்னா, நாளைக்குப் போலீஸ் வந்து கேப்பான். அவனுக்கு என்ன பதில் சொல்றது? என்கிட்ட நம்பிப் பேசுனவங்க கதி என்ன?"

நீ குனிந்து ஷூவைக் கழற்றினாய். பிறகு, "சரிப்பா, புரியுது" என்றாய்.

உனக்குப் புரியவில்லை, நவீன். புரியும்படி நான் சொல்லவில்லை. நிருபர் தன் நோட்டைக் காட்டக் கூடாது என்பது நல்ல விதிதான். நம்பிப் பேசியவரைக் காப்பாற்றுவதற்காக வந்த விதி. அந்த வரியைச் சொன்னவர் மறைக்கச் சொல்லவில்லை. அவரைக் காப்பாற்ற வேண்டிய தேவை அங்கே இருக்கவில்லை, என்னைத்தான் காப்பாற்றிக்கொண்டேன். பாட்டிலில் லேபிள் இல்லை என்று கையெழுத்துப் போட்டால், அது தெரிந்தும் ஏன் எழுதவில்லை என்று அடுத்த கேள்வி வரும். அந்தக் கேள்விக்குப் பயந்து விதியை முன்னால் நிறுத்தினேன். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். நோட்டை யாருக்கும் காட்டியதில்லை என்பதே உண்மை இல்லை. அதற்குச் சில வருடம் முன்பு ஒரு அரசியல்வாதி மானநஷ்ட வழக்குப் போடுவேன் என்று மிரட்டியபோது, நானே நோட்டை எடுத்துக்கொண்டு பெங்களூர் போய் ஆசிரியர் முன்னாலும் வக்கீல் முன்னாலும் பக்கம் பக்கமாகப் புரட்டிக் காட்டினேன். அதில் இருந்தது எனக்குச் சாதகமாக இருந்தது.

பெங்களூர் மனு போடப்படவில்லை. தில்லி உயர் நீதிமன்றம் அந்த வருடக் கடைசியில் ஆணையை ரத்து செய்தது. போதிய அறிவியல் ஆதாரம் இல்லை, மருந்து கிடைக்காமல் போனால் தாய்மார்களுக்கு வரும் ஆபத்தை அரசு எடைபோட்டுப் பார்க்கவில்லை என்று தீர்ப்பில் இருந்தது. அரசு மேல்முறையீட்டுக்குப் போனது. ஏஜென்சி செய்தியாக எங்கள் பேப்பரில் ஆறாம் பக்கம் வந்தது. உள்ளூர்க் கருத்துக் கேட்டு எழுதச் சொன்னார்கள். இரண்டு டாக்டர்களிடம் கேட்டேன், மாதேஸ்வரனுக்குப் போன் செய்யவில்லை. அதற்கு முன்பே அவர் ஊசி மருந்துப் பிரிவைக் கழற்றி வடக்கே யாருக்கோ கொடுத்துவிட்டிருந்தார். நீ அடிக்கடி சொல்வாயே, விளக்கின் முன்னால் கறுப்பு வெள்ளைப் பலகையில் ஆம்பியூலைத் தூக்கிப் பிடித்து ஒரு துகள் தெரிகிறதா என்று நாளெல்லாம் பார்க்கும் பெண்கள், அவர்கள் கார்மென்ட்ஸுக்குப் போனார்கள். நீ ஹைதராபாத்துக்குப் போனாய். என் கையெழுத்து இருந்திருந்தால் மாதேஸ்வரன் ஜெயித்திருப்பார், ஆலை பிழைத்திருக்கும் என்று சொல்ல மாட்டேன். அது எனக்குத் தெரியாது. தெரியாததை எழுதி ஒரு முறை பட்டது போதும்.

விருந்து முடிந்து ஷாமியானாவைக் கழற்றியபோது உன் அம்மா கேட்டாள்: "பையன் அங்க போய் முதல் ரிப்போர்ட் எழுதறதுக்கு முன்னாடி சொல்வீங்களா, எழுதின பிறகா?" நான் அவளிடம் எதையும் சொன்னதில்லை. ஆனாலும் அவளுக்குத் தெரிந்திருக்கிறது. மறுநாள் கொள்ளேகால் வழியாக பஸ் பிடித்து ஹனூர் போனேன். மாதேஸ்வரன் இப்போது அங்கே மாட்டுத் தீவனக் கடை வைத்திருக்கிறார். மூட்டைகளுக்கு நடுவில் நாற்காலி போட்டு உட்காரவைத்தார். நோட்டை அவர் கையில் கொடுத்து, மடித்து வைத்திருந்த பக்கத்தைக் காட்டினேன். கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கிப் படித்தார். இரண்டு முறை படித்தார் என்று நினைக்கிறேன்.

"இதைய வச்சுக்கிட்டு இப்ப நான் என்ன பண்றதுங்க? மிசினெல்லாம் போயிருச்சு. தீவனம் நல்லாத்தான் போகுது" என்றார்.

மன்னிப்புக் கேட்க வந்தேன் என்றேன்.

"எனக்கு வேண்டாமுங்க." நோட்டை மூடினார். "அன்னிக்கு நீங்க முடியாதுன்னதும் எனக்கு ஆத்திரமுங்க. 'உங்கொப்பன் பயந்தாங்கொள்ளி, எதையோ மறைக்கிறாரு'ன்னுபோட்டேன். தம்பி எம்மேல எரிஞ்சு விழுந்தான். 'எங்கப்பாவப் பத்தி இன்னொரு வார்த்தை பேசாதீங்க சார், அவரு அப்படிப்பட்ட ஆளில்ல'ன்னான். வேலைய விட்டுப் போறன்னு பையத் தூக்கிட்டான். எல்லார்த்து முன்னாடியும் நான் அவங்கிட்ட மன்னிப்புக் கேட்டு உக்கார வச்சனுங்க. அந்த மன்னிப்பு இன்னும் அவங்கிட்டத்தான் இருக்குது. உங்களால முடிஞ்சா அதைய வாங்கிக் குடுங்க."

டீ வரவழைத்தார். நான் குடிக்கும்வரை மழையைப் பற்றிப் பேசினார். கிளம்பும்போது, "தம்பி இனி இன்ஸ்பெக்டருங்களா? தீவனத்துக்கும் லைசென்ஸ் கேட்டு வந்துராமப் பாத்துக்கோங்க" என்று சிரித்தார். பஸ் ஸ்டாண்ட் வரை நடந்து வந்தேன். நீ அவரோடு சண்டை போட்டதை ஏழு வருடமாக வீட்டில் சொல்லவே இல்லை. சொல்லியிருந்தால் அப்போதே உண்மையைச் சொல்லியிருப்பேனா என்று பஸ்ஸில் யோசித்துக்கொண்டே வந்தேன். ஆமாம் என்று எழுதத்தான் ஆசை. எனக்கு நிச்சயமில்லை.

நீ எழுதப்போகும் அறிக்கைகள் என் கட்டுரைகளைவிடச் சின்னவை. யாரும் டீக்கடையில் நிறுத்தி விசாரிக்க மாட்டார்கள். ஆனால் ஒரு உரிமத்தை நிறுத்திவைக்க உன் அரைப் பக்கம் போதும். எல்லா முதலாளியும் மாதேஸ்வரன் இல்லை. தண்ணீர்க் குழாயில் பாசி பிடித்த ஆலைகளையும் பார்ப்பாய், அங்கே கை நடுங்காமல் எழுது. நீ பார்த்ததை எழுதுவதற்கு அந்தப் படிவத்தில் இடம் இருக்கும். எதைப் போய்ப் பார்க்கவில்லை என்று சொல்ல இடம் இருக்காது. அதை ஓரத்திலாவது எழுதிவை. நீ எழுதிய அறிக்கை எங்கும் இடிக்காமல் நேராக ஓடினால், எதை எடுத்துவிட்டோம் என்று ஒரு முறை நோட்டைத் திருப்பிப் பார். விதியைக் காட்டி ஒருவரிடம் முடியாது என்று சொல்ல நேரும்போது, அதே விதி உனக்குப் பாதகமாக இருந்தாலும் சொல்வாயா என்று கேட்டுக்கொள். நான் கேட்டுக்கொள்ளவில்லை. இதையெல்லாம் சொல்ல எனக்கு என்ன தகுதி என்று உனக்குத் தோன்றினால், அதுவும் சரிதான். தகுதியால் சொல்லவில்லை.

நான் கேட்பது ஒன்றுதான். ரயில் ஏறுவதற்கு முன்னால் மாதேஸ்வரனுக்குப் போன் செய். அன்று அவர் சொன்னது சரி என்று சொல்லிவிடு. உன்னிடம் அவர் கேட்ட மன்னிப்பை அவருக்குத் திருப்பிக் கொடு. என்னை என்ன செய்வது என்பதை மெதுவாக யோசித்துக்கொள்ளலாம்.

அந்த நோட்டை உன் பெட்டியில், சட்டைகளுக்கு அடியில் வைத்திருக்கிறேன். இனி அது உன்னுடையது; யாருக்கு வேண்டுமானாலும் காட்டலாம். பக்கத்தை மடித்து வைத்திருக்கிறேன். எருமைக்கு ஊசி போட்டு முடித்துவிட்டு, பாட்டிலை என் கையில் கொடுத்துப் பார்க்கச் சொல்லி, மண்டி மொஹல்லா நிங்கண்ணா சொன்னதை அன்று எழுதிக்கொண்டபடியே கீழே தருகிறேன். முதல் கட்டுரையில், நான்காவது பத்தியின் முடிவில், வந்திருக்க வேண்டியது:

"இது கம்பெனிது அல்ல சார். லேபிள் இல்ல நோடி. லாரில எங்கிருந்தோ வருது, டப்பால பவுடர் கலக்கறாங்க. கம்பெனி மருந்து ஆஸ்பத்திரிக்கு, பொம்பளைங்களுக்கு. அவங்க மேல சும்னே பழி போடாதீங்க. இதையும் சேத்து எழுதுங்க."